சார்லஸ் ஒதுங்கி, வில்லியமுக்குப் பட்டம் கொடுத்திருக்க முடியுமா?

உங்கள் கேள்வி இது: 2022-இல் எலிசபெத் ராணி இறந்தபோது சார்லஸுக்கு 73 வயது. “எனக்கு வேண்டாம், என் மகனுக்கே கட்டிவிடுங்கள்” என்று அவர் ஒதுங்கியிருக்கலாமே? இல்லாவிட்டால் ராணியே “எனக்கு அப்புறம் வில்லியம்” என்று எழுதி வைத்திருக்கலாமே? மேலோட்டமாகப் பார்த்தால் இது வயதைப் பற்றிய கேள்வி. உண்மையில் நீங்கள் கேட்பது, பிரிட்டிஷ் மகுடத்தை யார் யாருக்குக் கொடுக்கலாம் என்பது. கல்லூரியில் இங்கிலாந்து வரலாற்றுத் தாளை நடத்திய காலத்தில் மாணவர்களும் இதையேதான் விதவிதமாகக் கேட்பார்கள். அதில் ஆச்சரியமில்லை. காதோரம் ஒரு நரைமுடியைப் பார்த்ததும் ராமனுக்குப் பட்டம் கட்ட நினைத்த தசரதன் கதையில் வளர்ந்தவர்கள் நாம். ராஜா நினைத்தால் கொடுக்கலாம் என்பது நமக்கு இயல்பாகத் தோன்றும்.

நேரடியான பதில்: ராணியால் முடியாது. சார்லஸாலும் தன் ஒரு கையெழுத்தால் முடியாது. நாடாளுமன்றம் சட்டம் போட்டால் முடியும். இந்த மூன்று வாக்கியங்களில் இன்றைக்கு எந்தச் சந்தேகமும் கிடையாது. ஆனால் இந்த நிலைக்கு வந்து சேர அவர்களுக்குப் பல நூற்றாண்டுகள் பிடித்தன. வழியில் சில தலைகளும் உருண்டன.

முதலில், “எனக்கு வேண்டாம்” என்று சொல்ல சார்லஸுக்கு இடைவெளியே இருக்கவில்லை. ராணியின் இறப்புச் சான்றிதழில் 2022 செப்டம்பர் 8, பிற்பகல் 3.10 மணி என்று இருக்கிறது. அந்த 3.10-க்கே சார்லஸ் மன்னராகிவிட்டார். இரண்டு நாள் கழித்து செயின்ட் ஜேம்ஸ் அரண்மனையில் கூடிய சபை அவரை மன்னராக்கவில்லை, ஏற்கெனவே ஆகிவிட்டதை ஊருக்கு அறிவித்தது, அவ்வளவுதான். 2023 மே 6-இல் நடந்த முடிசூட்டு விழாவும் அப்படியே. சட்டப்படி அது இல்லாவிட்டாலும் அவர் மன்னர்தான். 1936-இல் எட்டாம் எட்வர்ட் முடிசூடாமலே ஆண்டு, முடிசூடாமலே போனார்.

எப்போதும் இப்படி இருந்ததில்லை. பழைய காலத்தில் முடிசூட்டும் நாளிலிருந்துதான் ஆட்சியைக் கணக்கிடுவார்கள். ஆகவே ஒரு மன்னர் செத்து அடுத்தவர் முடிசூடும்வரை நாடு திறந்த வீடு மாதிரி கிடக்கும். யார் முந்துகிறாரோ அவர் உள்ளே புகுந்துவிடலாம். முதலாம் ஹென்றி தன் மகள் மட்டில்டாதான் வாரிசு என்று பிரபுக்களிடம் சத்தியமே வாங்கி வைத்திருந்தார். 1135 டிசம்பர் 1-இல் அவர் நார்மண்டியில் கண்ணை மூடினார். அவருடைய சகோதரி மகன் ஸ்டீபன் பிரான்சுக்கும் இங்கிலாந்துக்கும் இடையிலான ஆங்கிலக் கால்வாயைக் கடந்து விரைந்து வந்து டிசம்பர் 22-இல் முடிசூடிக்கொண்டார். சத்தியம் செய்தவர்களில் பலர் அந்தப் பக்கம் சாய்ந்தார்கள். பின்னாலே நடந்த உள்நாட்டுப் போரின் முடிவில் பட்டம் கிடைத்தது மட்டில்டாவின் மகன் இரண்டாம் ஹென்றிக்கு. அவர் இந்த வம்பே வேண்டாம் என்று 1170-இல், தான் உயிரோடு இருக்கும்போதே, மூத்த மகனுக்கு முடிசூட்டி வைத்தார். நீங்கள் சொல்கிற யோசனைக்குக் கிட்டத்தட்ட இதுதான் முன்மாதிரி. பட்டம் இருக்கிறது, அதிகாரம் இல்லை என்று கடுப்பான அந்த மகன் மூன்றே வருஷத்தில் அப்பாவுக்கு எதிராகக் கலகம் செய்தார். 1183-இல் அப்பாவுக்கு முன்பே செத்தும் போனார். இங்கிலாந்தில் அதற்கப்புறம் யாரும் அந்த முறையைத் தொடவில்லை. 1272-இல் மூன்றாம் ஹென்றி இறந்தபோது மகன் முதலாம் எட்வர்ட் சிலுவைப் போரிலிருந்து திரும்பும் வழியில் இருந்தார். முடிசூட்டுக்குக் காத்திராமல், தந்தையை அடக்கம் செய்த நாளிலிருந்தே அவர் ஆட்சியைக் கணக்கிட்டார்கள். அவர் ஊர் வந்து முடிசூடியது 1274-இல்தான். இடைவெளி அடைபடத் தொடங்கியது அங்கேதான்.

சரி, உயில் எழுதி வைப்பது? அதையும் முயன்று பார்த்திருக்கிறார்கள். எட்டாம் ஹென்றி மணவாழ்க்கைக்கு ஏற்றபடி வாரிசுச் சட்டத்தை மாற்றிக்கொண்டே இருந்தவர். ஆனால் அவரைப் போன்ற முரட்டு ஆள்கூட ஒவ்வொரு தடவையும் நாடாளுமன்றத்துக்குப் போய்த்தான் மாற்றினார் என்பதைக் கவனியுங்கள். 1544-இல் வந்த சட்டம், மகன் எட்வர்டுக்குப் பின் மேரி, மேரிக்குப் பின் எலிசபெத் என்று வரிசை போட்டது. இரண்டு பெண்களையும் முறையற்ற வாரிசுகள் என்று முன்பு அறிவித்த சட்டத்தை அது திருத்தவில்லை. “முறையற்றவர்கள்தான், ஆனாலும் வரிசையில் உண்டு” என்று வைத்துக்கொண்டது. ரத்த உரிமை ஒரு பக்கம், சட்டம் தரும் உரிமை ஒரு பக்கம் என்று பிரிந்தது இங்கே பளிச்சென்று தெரியும். அதற்கும் பிறகு யார் என்பதை ஹென்றி உயிலில் குறிப்பிடலாம் என்றும் அதே சட்டம் அனுமதித்தது. அதாவது உயிலுக்கு வலுவைக் கொடுத்ததே சட்டம்தான்.

அவர் மகன் ஆறாம் எட்வர்ட் 15 வயதில், 1553-இல், மரணப் படுக்கையில் கிடந்தார். தீவிர புராட்டஸ்டண்ட். கத்தோலிக்க அக்கா மேரி பட்டத்துக்கு வருவதை அவரால் ஏற்க முடியவில்லை. தன் கைப்பட ஒரு திட்டம் எழுதினார். அந்தத் தாள் லண்டன் இன்னர் டெம்பிள் நூலகத்தில் இன்றும் இருக்கிறது. முதலில் எழுதியபடி, பட்டம் உறவுக்காரப் பெண் ஜேன் கிரேயின் ஆண் வாரிசுகளுக்குப் போக வேண்டும். சிக்கல் என்னவென்றால் ஜேனுக்கு அப்போது பிள்ளையே இல்லை, எட்வர்டுக்கோ நாட்கள் இல்லை. எனவே அதே தாளில் இரண்டு சிறு சொற்களை இடையில் செருகி, “ஜேனுடைய ஆண் வாரிசுகள்” என்றிருந்ததை “ஜேனும் அவளுடைய ஆண் வாரிசுகளும்” என்று பொருள்படும்படி மாற்றினார். அந்தச் செருகல்தான் அந்தப் பெண்ணை அரியணைக்கும், ஏழு மாதத்தில் வெட்டுக்கட்டைக்கும் கொண்டுபோனது.

இதைச் சட்ட ஆவணமாக எழுதச் சொல்லி நீதிபதிகளைக் கூப்பிட்டார்கள். தலைமை நீதிபதி மாண்டேகு தயங்கினார். நாடாளுமன்றச் சட்டம் போட்ட வரிசையை மன்னரின் சாசனத்தால் மாற்ற முடியாது, முயல்வதே ராஜத் துரோகம் என்பது அவர் வாதம். நோயில் கிடந்த பையன் நேரிலேயே கோபமாக உத்தரவிட்ட பிறகு, மன்னிப்புக் கடிதத்துக்கும் சேர்த்து ஏற்பாடு செய்துகொண்டு, அவர் இணங்கினார். நூறு பேருக்கு மேல் கையெழுத்துப் போட்டார்கள். எட்வர்ட் ஜூலை 6-இல் இறந்தார், 10-இல் ஜேனை ராணியாக அறிவித்தார்கள், 19-இல் அதே லண்டனில் மேரியை அறிவித்தார்கள். கையெழுத்துப் போட்டவர்களிலேயே பலர் மேரி பக்கம் தாவியிருந்தார்கள். மேரிக்காகத் திரண்டவர்களில் புராட்டஸ்டண்டுகளும் இருந்தார்கள். ஹென்றியின் மகள், சட்டம் சொன்ன வாரிசு என்பது அவர்களுக்கு மதத்தைவிடக் கனமாக இருந்திருக்கிறது. இந்தத் திட்டம் எட்வர்டின் சொந்த யோசனையா, ஜேனின் மாமனார் நார்தம்பர்லாந்து பிரபு ஊட்டியதா என்பதில் வரலாற்றாசிரியர்கள் இன்னும் ஒத்துப்போகவில்லை. பையனின் ஈடுபாடு நாம் நினைத்ததைவிட அதிகம் என்ற பக்கமே நான் சாய்வேன். அந்தத் தாளின் கையெழுத்து அப்படி நினைக்க வைக்கிறது.

இவ்வளவு தூரம் சட்டம், சட்டம் என்று சொல்லிவிட்டு ஒன்றை மறைத்தால் நியாயமாகாது. 1603-இல் என் வாதம் நொண்டுகிறது. அதே எட்டாம் ஹென்றியின் உயிலில் ஸ்காட்லாந்தில் வாழ்க்கைப்பட்ட அக்கா மார்கரெட்டின் வழி விடுபட்டிருந்தது. தங்கையின் வழிக்குத்தான் இடம். சட்டத்தை அப்படியே பார்த்தால், முதலாம் எலிசபெத்துக்குப் பின் மார்கரெட்டின் வழியில் வந்த ஸ்காட்லாந்து மன்னர் ஜேம்ஸ் வந்திருக்கக் கூடாது. ஆனால் அவர்தான் வந்தார், ஒரு சண்டைகூட இல்லாமல். முதன்மை அமைச்சர் ராபர்ட் செசில் அவருடன் ரகசியமாகக் கடிதப் போக்குவரத்து வைத்து எல்லாவற்றையும் முன்கூட்டியே முடித்திருந்தார். ஆண், புராட்டஸ்டண்ட், ஏற்கெனவே ஒரு நாட்டை ஆண்டு பழகியவர், பிள்ளைகளும் உண்டு. உயிலை யாரும் நினைவுபடுத்த விரும்பவில்லை. மரணப் படுக்கையில் எலிசபெத் கையசைத்து ஜேம்ஸைக் காட்டினார் என்ற கதை நம்பத் தகுந்ததல்ல, அப்போது அது எல்லோருக்கும் வசதியான கதை. அடுத்த வருஷம் நாடாளுமன்றம், பிறப்புரிமையாலேயே அவர் மன்னர் என்று அங்கீகரித்துச் சட்டம் போட்டது. ஆக அன்றைக்கு வாரிசு விஷயத்தில் சட்டமே கடைசி வார்த்தை என்று யாராவது சொன்னால் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

அது கடைசி வார்த்தை ஆனது அடுத்த நூற்றாண்டில். அந்த ஜேம்ஸின் பேரன் இரண்டாம் ஜேம்ஸ் கத்தோலிக்கர். வயதான மன்னர், அவருக்குப் பின் புராட்டஸ்டண்ட் மகள்கள் என்பதால் பொறுத்திருந்தார்கள். 1688 ஜூனில் ஆண் குழந்தை பிறந்ததும் பொறுமை போயிற்று. படுக்கையைச் சூடாக்கும் பாத்திரத்துக்குள் வைத்து யாரோ பெற்ற பிள்ளையை ராணியின் அறைக்குக் கடத்திவந்தார்கள் என்று கட்டிவிட்டார்கள். பிரசவ அறையில் சாட்சிகளாகப் பெரிய கூட்டமே இருந்தது. கதை சுத்தப் பொய். ஆனாலும் வேலை செய்தது. ஜேம்ஸின் மூத்த மகள் மேரியின் கணவர் வில்லியம் ஹாலந்திலிருந்து படையோடு வந்தார், ஜேம்ஸ் பிரான்சுக்கு ஓடினார். “ஓடியதால் அவரே பட்டத்தைத் துறந்துவிட்டார்” என்று கூடிய சபை தீர்மானித்தது. அவர் எதையும் துறக்கவில்லை என்பது தீர்மானம் போட்டவர்களுக்கே தெரியும். வில்லியமும் மேரியும் கூட்டாக மன்னரும் ராணியும் ஆனார்கள். மேரியின் தங்கை ஆன், தனக்கு முன் வில்லியமுக்கு இடம் விட்டுப் பின்னால் நின்றார்.

ஆனின் கதை வேதனையானது. பதினேழு முறை கருவுற்றும் கைக்குழந்தைப் பருவத்தைத் தாண்டியது ஒரே மகன். அந்தப் பையனும் 1700 ஜூலையில், 11-ஆவது பிறந்த நாள் கழிந்து ஆறே நாளில் இறந்தான். மேரி அம்மைநோயில் முன்பே இறந்துவிட்டார், வில்லியமுக்குப் பிள்ளை இல்லை. அடுத்த வருஷம் வந்ததுதான் 1701-ஆம் ஆண்டின் வாரிசுரிமைத் தீர்வுச் சட்டம். இன்றுவரை சார்லஸ், மகன் வில்லியம், பேரன் ஜார்ஜ் எல்லோரும் அரியணைக்கு உரிமை பெறுவது இந்தச் சட்டத்தின் வழியாகத்தான். ஜெர்மனியில் ஹானோவரில் இருந்த சோபியா, முதலாம் ஜேம்ஸின் பேத்தி. அவரும், அவர் வயிற்று வழியில் வரும் புராட்டஸ்டண்டுகளும் மட்டுமே வாரிசுகள். கத்தோலிக்கரும், கத்தோலிக்கரை மணந்தவரும் வரக் கூடாது. ரத்த உறவில் சோபியாவைவிட நெருக்கமான ஐம்பதுக்கும் மேற்பட்டவர்களை ஒரே வரியில் ஒதுக்கினார்கள். எண்ணிக்கை எண்ணும் விதத்தைப் பொறுத்துக் கொஞ்சம் மாறும், விஷயம் மாறாது.

சோபியாவின் அதிர்ஷ்டத்தைப் பாருங்கள். 83 வயதுவரை காத்திருந்தார். 1714 ஜூனில் ஹெரன்ஹவுசன் தோட்டத்தில் உலாவும்போது மழை பிடித்தது, ஒதுங்க ஓடியவர் அங்கேயே விழுந்து இறந்தார். ஆன் ராணி இறந்தது ஆகஸ்ட் 1. இரண்டு மாத இடைவெளியில் ஒரு ராணிப் பட்டம் தவறிப்போய் மகன் ஜார்ஜுக்குப் போயிற்று. அவர் செப்டம்பரில்தான் லண்டன் வந்து சேர்ந்தார். அதுவரை நாட்டை நடத்தும் குழுவில் யார் யார் என்பதற்கு, முத்திரையிட்ட பெயர்ப் பட்டியலை முன்பே அனுப்பி வைத்திருந்தார்கள். பட்டியலைப் பிரித்தார்கள், ஆட்சி ஓடியது. ஸ்டீபன் குதிரையேறி வந்த காலத்தோடு இதை ஒப்பிட்டுப் பார்த்தால் எவ்வளவு தூரம் வந்துவிட்டார்கள் என்பது தெரியும். ஜார்ஜுக்கு ஆங்கிலத்தில் ஒரு சொல்லும் தெரியாது என்று பள்ளிப் பாடப் புத்தகத்தில் படித்திருப்பீர்கள். வந்த புதிதில் மிகக் குறைவு என்பது சரி. பிற்காலத்தில் ஆங்கிலத்தைப் பயன்படுத்தியதற்குச் சான்றுகள் உண்டு.

சட்டம் எவ்வளவு நுணுக்கமாக வேலை செய்யும் என்பதற்கு ஒரு சின்ன விஷயம். 1837-இல் நான்காம் வில்லியம் இறந்து தம்பி மகள் விக்டோரியாவை ராணியாக அறிவித்தபோது, அந்த அறிவிப்பிலேயே ஒரு விலக்கு எழுதினார்கள்: மறைந்த மன்னரின் மனைவி அடிலெய்டுக்கு இனிமேல் குழந்தை பிறந்தால் அதன் உரிமை பாதிக்கப்படாது என்று. அடிலெய்டு கர்ப்பமாக இருக்கக்கூடும் என்ற வாய்ப்பை அவர்கள் விடவில்லை. அப்படி ஒரு குழந்தை பிறந்திருந்தால் விக்டோரியா இறங்கியிருக்க வேண்டியதுதான்.

இனி உங்கள் கேள்விக்கு மிக நெருக்கமான 1936. எட்டாம் எட்வர்ட், இருமுறை விவாகரத்தான வாலிஸ் சிம்ப்சனை மணக்க விரும்பினார், அமைச்சரவை ஒப்பவில்லை. டிசம்பர் 10-இல் தன் வீடான ஃபோர்ட் பெல்விடேரில் மூன்று தம்பிகளும் சாட்சியாக நிற்க, பட்டத்தைத் துறக்கும் கடிதத்தில் கையெழுத்திட்டார். கையெழுத்து உலர்ந்தபோதும் பிரிட்டனில் அவர் மன்னராகத்தான் இருந்தார். மறுநாள் நாடாளுமன்றம் சட்டம் நிறைவேற்றி, அதற்கு அரச ஒப்புதல் கிடைத்த நொடியில்தான் பதவி போனது. அந்த ஒப்புதலைக் கொடுத்ததும் அவர்தான். தன்னை நீக்கும் சட்டத்துக்குத் தானே ஒப்புதல் கொடுத்த மன்னர் அவர் ஒருவர்தான். அவருக்குப் பிறக்கக்கூடிய பிள்ளைகளுக்கும் உரிமை இல்லை என்று அதே சட்டம் எழுதி முடித்தது. இன்னொரு வேடிக்கை: அவர் வேறு சில நாடுகளுக்கும் மன்னர். தென்னாப்பிரிக்கா டிசம்பர் 10-இலேயே அவர் விலகியதாகக் கணக்கு வைத்தது, அயர்லாந்து 12-இல்தான் சட்டம் போட்டது. ஆக 11-ஆம் தேதி அன்று தம்பி ஜார்ஜ் லண்டனில் மன்னர், அண்ணன் எட்வர்ட் டப்ளினில் மன்னர்.

இந்த வேடிக்கை இன்றைக்கும் உயிரோடு இருக்கிறது. சார்லஸ் பிரிட்டனுக்கு மட்டும் மன்னர் அல்ல. கனடா, ஆஸ்திரேலியா, ஜமைக்கா என்று இன்னும் 14 நாடுகளுக்கும் அவர்தான் மன்னர். 2011-இல் இந்த நாடுகளின் தலைவர்கள் ஆஸ்திரேலியாவின் பெர்த்தில் கூடி, அந்த ஆண்டு அக்டோபர் 28-க்குப் பின் பிறக்கும் பெண்ணைத் தம்பி முந்தக் கூடாது, கத்தோலிக்கரை மணந்தாலும் தடை இல்லை என்று ஒத்துக்கொண்டார்கள். 2013-இல் பிரிட்டன் சட்டம் போட்டது. மற்ற நாடுகளும் தயாராகி அது நடைமுறைக்கு வந்தது 2015 மார்ச்சில். அதனால்தான் வில்லியமின் மகள் சார்லட், தம்பி லூயிக்கு முன்னால் நிற்கிறாள். மன்னரே கத்தோலிக்கராக இருக்கக் கூடாது என்பது மட்டும் அப்படியே நிற்கிறது. அந்தந்த நாடு தனியாகச் சட்டம் போட வேண்டுமா, சம்மதம் சொன்னால் போதுமா என்பது கனடாவில் நீதிமன்றம்வரை போன விவகாரம். நான் வரலாறு படித்தவன், வழக்கறிஞன் அல்ல. அதில் தீர்ப்புச் சொல்லும் தகுதி எனக்கில்லை. நடைமுறையில், எல்லோரையும் கலந்து பேசாமல் லண்டன் எதையும் செய்யாது என்பது மட்டும் உறுதி.

அதனால் செய்தியில் வருகிற பட்டம் பறிப்பையும் வரிசையையும் குழப்பிக்கொள்ளாதீர்கள். 2020-இல் ஹாரி அரசப் பணிகளிலிருந்து விலகினார். வரிசையில் அவர் இடம் போகவில்லை, இப்போது அது ஐந்தாவது. 2025-இல் மன்னர் சார்லஸ் தன் தம்பி ஆண்ட்ரூவின் இளவரசர் பட்டத்தை நீக்கினார். எட்டாம் இடம் அதனால் போகவில்லை. கொடுத்த பட்டத்தை மன்னர் எடுக்கலாம், வரிசையில் இருக்கும் இடத்தைச் சட்டம்தான் எடுக்க முடியும்.

சார்லஸுக்கு உண்மையிலேயே முடியாமல் போனால் இருக்கிற வழி ரீஜண்ட் ஆட்சி, அதாவது மன்னர் பெயரில் இன்னொருவர் ஆள்வது. 1937-ஆம் ஆண்டுச் சட்டப்படி, மன்னரின் துணைவி, லார்ட் சான்சலர் எனப்படும் நீதித்துறை அமைச்சர், மக்களவைத் தலைவர், இரண்டு மூத்த நீதிபதிகள் ஆகிய ஐவரில் மூவர் சேர்ந்து, மருத்துவச் சான்றோடு அறிவிக்க வேண்டும். ரீஜண்டாக வருவது வரிசையில் அடுத்து நிற்கும் வயதுவந்தவர், இப்போது வில்லியம். மன்னர் விரும்பும் ஆளை வைக்க முடியாது. தன் பிள்ளை சிறுவயதில் பட்டத்துக்கு வர நேர்ந்தால் கணவர் பிலிப் ரீஜண்டாக வேண்டும் என்பதற்கு எலிசபெத் 1953-இல் தனிச் சட்டமே கொண்டுவர வேண்டியிருந்தது. அப்படி வரும் ரீஜண்ட் மன்னரின் வேலைகள் கிட்டத்தட்ட எல்லாவற்றையும் செய்யலாம். அவருக்குத் தடை செய்யப்பட்ட மிகச் சிலவற்றில் ஒன்று, வாரிசு வரிசையை மாற்றும் மசோதாவுக்கு ஒப்புதல் தருவது.